சீதைக்குப் போர்த்திய பொன்னாடை

எங்கள் ராஜபாளையத்து விழாக் கமிட்டிகளை நினைத்தால் எனக்கு இன்றும் குமட்டும். அந்தக் குமட்டலில் பாதி என் மேலேயேதான்.

எண்பதுகளின் கடைசியில் இந்தோனேசியாவிலிருந்து ஒரு சினிமா நடிகை வந்தாள். என் வயதுதான் இருக்கும். தன் நாட்டு ராமாயண ஆட்டத்தை ஊர் ஊராக ஆடிக் காட்டிக்கொண்டிருந்தவள். கமிட்டியில் யாருக்கும் ஆங்கிலம் ஓடாது. பெண்கள் பள்ளியில் ஆங்கிலம் நடத்திய என்னைத் துணைக்கு அனுப்பினார்கள். காலையில் ஸ்ரீவில்லிபுத்தூர் கோயிலுக்கு அழைத்துப் போனேன். வெளியே வந்து பால்கோவாவை வழித்துத் தின்றுகொண்டே அவள் சொன்னாள்:

"எங்கள் சீதையின் முகம் அழக் கூடாது. தோள்தான் அழ வேண்டும். எனக்கு அது கைவர நாலு வருஷம் ஆயிற்று. இன்றைக்கு சீதையைக் கும்பிடுகிற ஊரில் ஆடப்போகிறேன். பயமாக இருக்கிறது."

சாயங்காலம் மேடைக்குப் பின்னால் தயாராகி நின்றாள். மார்பைச் சுற்றி இறுகக் கட்டிய பூப்போட்ட துணி, தலையில் தோலால் செய்த கிரீடம், தோள் இரண்டிலும் ஒன்றுமில்லை. கமிட்டித் தலைவர் எட்டிப் பார்த்தார். முகம் சுண்டிப்போயிற்று.

"என்ன டீச்சர் இது, தோளு அம்புட்டும் தெரியுது. பொம்பளையாளுக வந்திருக்காக. ஒரு பொன்னாடையப் போத்தி விடுதேன். அதோடயே ஆடச் சொல்லுங்க."

அம்மன் கோயில் பங்குனிப் பொங்கலுக்கு நடந்த ரெக்கார்டு டான்ஸை முதல் வரிசையில் உட்கார்ந்து கடைசிவரை பார்த்த மனுஷன் இவர். அன்றைக்கு எந்தத் தோளும் இவர் கண்ணை உறுத்தவில்லை.

அதை முகத்துக்கு நேரே கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. எங்கள் பள்ளி நிர்வாகத்திலும் அவர்தான் தலைவர். நான் அவளிடம் திரும்பி, "இது எங்கள் ஊரின் மிகப் பெரிய மரியாதை. போர்த்தியதை எடுத்தால் அவமதிப்பாகிவிடும்" என்று சுத்தமான ஆங்கிலத்தில் சொன்னேன். அவள் குனிந்து கும்பிட்டு ஏற்றுக்கொண்டாள். நழுவாமலிருக்க இரண்டு ஊக்கு குத்தியதும் நான்தான்.

ஜரிகைக்குள் சீதை ஆடினாள். கை பாதிக்கு மேல் எழவில்லை. தோள் அழுததோ என்னவோ, யாருக்குத் தெரியும். "என்ன, பொம்மை கணக்கா நிக்கா" என்றாள் எனக்குப் பின்னாலிருந்த ஒருத்தி. பாதியிலேயே ஆட்கள் எழுந்து போனார்கள். தலைவர் மட்டும் திருப்தியாகக் கை தட்டினார். தூ.

காரில் ஏறும்போது அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். பொன்னாடை இன்னும் தோளில்தான் இருந்தது.

"இன்று ஆட்டம் சரியாக வரவில்லை, மன்னித்துவிடுங்கள். இந்த மரியாதையோடு ஆட நான்தான் பழக வேண்டும். இனி சீதை ஆடும்போதெல்லாம் இதைப் போர்த்திக்கொண்டே ஆடுவேன்."

வாயைத் திறந்தேன். தலைவர் பக்கத்தில் நின்றார்.

"ரொம்பச் சந்தோஷம்" என்றேன்.