அடுப்படி தமிழ்நாட்டில் இருந்தது

எங்கள் அடுப்படி நிலைப்படியை ஒட்டித் தரையோடு தரையாகப் பதிந்திருந்த சர்வே கல்லின் முன்னால் ஆமீன் குந்தி உட்கார்ந்தார். அதை நினைத்தால் எனக்கு வருவது சிரிப்புதானா என்று இன்றும் சொல்லத் தெரியவில்லை. நீதிமன்ற உத்தரவை நேரில் வந்து நிறைவேற்றுகிறவர் ஆமீன். அன்று காலை எங்களை வெளியேற்ற வந்திருந்தார். முன்னறைகள் இரண்டையும் காலி செய்ய வைத்துவிட்டு அடுப்படிக்குள் நுழையப் போனவரை, கூட வந்த சர்வேயர் கையைப் பிடித்து நிறுத்தினார். கல்லுக்கு அந்தப் பக்கம் தமிழ்நாடு. ஆமீன் காகிதத்தை மறுபடியும் பிரித்து வாசித்தார். "விதியில இருக்கறது கேரளத்து சர்வே நம்பர் மட்டுந்தானுங்க. இதத் தாண்டுனா நான் ஆமீன் இல்லீங்க, வெறும் ஆளு," என்றார். தீர்ப்பை எங்கள் பக்கத்தில் விதி என்றுதான் சொல்வோம்.

மீனாட்சிபுரத்தில் அந்த வீட்டை வாடகைக்கு எடுத்திருந்தவர் என் பெரியப்பா. எரிந்துபோன தண்ணீர் மோட்டார்களுக்குக் காயில் கட்டுவது அவர் தொழில். பெரியம்மா இறந்த பிறகு துணைக்கு நானும் அங்கேயே தங்கி, பாலக்காட்டுக்கு வேலைக்குப் போய்வந்துகொண்டிருந்தேன். வீட்டுக்காரம்மாவின் கணவர் உயிரோடிருந்த காலத்தில், எல்லைக்கு அப்பாலும் தன் நிலம்தானே என்று அடுப்படியையும் ஒரு சின்ன அறையையும் பின்பக்கம் நீட்டிக் கட்டியிருக்கிறார். கிணறும் அங்கேதான். பீர்மேட்டில் கட்டிக்கொடுத்த மகள் புருஷனோடு ஒத்துப்போகாமல் கைக்குழந்தையுடன் திரும்பி வந்தபோது, வீட்டுக்காரம்மா தன் அண்ணன் வீட்டில் ஒண்டிக்கொண்டிருந்தார். வீட்டைத் திருப்பிக் கேட்டார். பெரியப்பா மறுத்தார். வாடகைக் கட்டுப்பாட்டு நீதிமன்றம் வீட்டுக்காரம்மாவின் தேவை உண்மையானது என்றது. மேல்முறையீட்டிலும் அதுவே நின்றது. இத்தனை வருஷத்தில் இரண்டு தரப்பிலும் ஒருவருக்குக்கூட அந்தக் கல் ஞாபகத்துக்கு வரவில்லை.

ஆமீன் அடுப்படிக் கதவை முன்னறைப் பக்கமிருந்து பூட்டிச் சாவியை வீட்டுக்காரம்மாவிடம் கொடுத்துவிட்டுப் போனார். நாங்கள் பின்பக்கத் தோப்பு வழியாக வெளியே வந்து நின்றோம். வெளியேற்றப்பட்டோமா, வீட்டில்தான் இருக்கிறோமா என்று எனக்குப் புரியவில்லை. அன்றே வக்கீலைப் போய்ப் பார்த்தோம். "நீங்க அசையாதீங்க. இந்தக் கோர்ட்டு விதிய வெச்சு உங்கள அங்க தொட முடியாது," என்றார். அவர்கள் வக்கீலோ, மிச்ச இடத்துக்குப் பொள்ளாச்சியில் புதிதாக வழக்குப் போட வேண்டும், அதுவரை அந்தக் கதவைத் திறக்கவே கூடாது, திறந்தால் மறுபடி வாடகைக்கு விட்டதாகிவிடும் என்று சொன்னதாகப் பின்னால் கேள்விப்பட்டேன். இரண்டு பேர் சொன்னதும் சரியாகத்தான் இருந்திருக்கும். ஆனால் மின்சார மீட்டர், வீட்டுக்காரம்மாவும் மகளும் அன்றே குடிவந்துவிட்ட முன்னறையில் இருந்தது. கிணறு எங்களிடம் இருந்தது. தண்ணீர் இல்லாமல் சின்னக் குழந்தையோடு இருவர், மின்சாரம் இல்லாமல் ஒரு மோட்டார்க்காரர். எந்த விதியிலும் இதற்கு ஒரு வரி இல்லை.

மறுநாள் காலை கதவுக்கு அந்தப் பக்கமிருந்து வீட்டுக்காரம்மாவின் குரல் கேட்டது.

"ஏனுங்கண்ணா, ஒரு கொடம் தண்ணி எடுத்துக்கட்டுங்களா?"

பெரியப்பா கையிலிருந்த செம்புக் கம்பியைச் சுற்றிக்கொண்டே இருந்தார். அந்தச் சுற்று முடிந்ததும், "உங்க கெணறுதானுங்களே அம்மிணி," என்றார். பூட்டுத் திறக்கும் சத்தம் கேட்டது. நீதிமன்றத்தில் அத்தனை முறை எதிரெதிரே நின்றவர்கள், ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் வழிவிட்டுக்கொண்டார்கள். குடம் நிரம்பிப் போன பிறகு, மகள் ஒரு நீளமான வயரைக் கதவுக்கு அடியில் தள்ளிவிட்டாள். அதன் மறுமுனை முன்னறை பிளக்கில் இருந்தது.

அப்படியே மாதங்கள் போயின. பூட்டு ஒரு பேருக்குத் தொங்கியது. குழந்தை ஓடி வந்து எங்கள் பக்கத்தில் செம்புத் துண்டுகளைப் பொறுக்கும். பெரியப்பா திட்டாமல் தூக்கி அந்தப் பக்கம் விடுவார், அது மறுபடி வரும். வீட்டுக்காரம்மா மீன் குழம்பு வைத்தால் ஒரு கிண்ணம் வரும். பொள்ளாச்சி வழக்கை அவர்கள் போடவே இல்லை. பெரியப்பா ஜெயித்துவிட்டார் என்று நான் சந்தோஷப்பட ஆரம்பித்த நேரத்தில், ஒரு சனிக்கிழமை வேலை முடிந்து வந்தால் தோப்பில் வேன் நிற்கிறது, காயில் சுற்றும் மெஷின் அதில் ஏறியிருக்கிறது. வண்ணாமடைப் பக்கம் ஒரு ஷெட் பார்த்திருந்தார். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

எனக்கு அழுகையும் கோபமுமாக வந்தது. "அத்தன கோர்ட்டு ஏறுனீங்களே பெரியப்பா. இப்ப ஆரும் கேக்காமயே போறீங்க?"

"அதுதான் அம்மிணி," என்றார். "போ போன்னாங்க, உக்காந்துட்டு இருந்தேன். இப்ப ஆரும் போகச் சொல்லறதில்ல. எதுக்கு உக்காந்திருக்கறதுன்னு தெரீல."

வேன் கிளம்பும்போது வீட்டுக்காரம்மா வெளியே வரவில்லை. அழுதார் என்று மகள் சொன்னாள். நிம்மதியிலா வருத்தத்திலா என்று அவளுக்கும் தெரியவில்லை.

போன மழைக்காலத்தில் பெரியப்பா இறந்தார். காரியத்துக்கு வீட்டுக்காரம்மா வந்திருந்தார். சாப்பிடாமல் ஓரமாக உட்கார்ந்திருந்தவர், பந்தி முடிந்ததும் என்னைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்காரச் சொன்னார்.

"ஏங்கண்ணு, உங்க பெரியப்பா எங்க மேல கோவிச்சுட்டுப் போனாருங்களா, மனசு எறங்கிப் போனாருங்களா? இத்தன நாளா ரோசன பண்ணிட்டே இருக்கறன்."

ஆறுதலாக ஏதாவது சொல்லியிருக்கலாம். அவர் என்னிடம் சொன்னதை அப்படியே சொல்லியிருக்கலாம், ஆனால் அதுவும் இந்தக் கேள்விக்குப் பதிலாகப் படவில்லை.

"தெரியலீங்கம்மா," என்றேன்.

"கேட்டிருக்கோணும் கண்ணு," என்றார் அவர். "அன்னிக்கு வெளிய வந்து, எங்கீங்கண்ணா போறீங்கன்னு ஒரு வார்த்த கேட்டிருக்கோணும். கேட்டா, திரும்பி வந்துருவாரோன்னு பயமா இருந்துச்சு."