தண்ணீர் விடும் வாரத்தில் வாய்தா

போன செவ்வாய்க்கிழமை, எர்ணாகுளம் ரயிலில் அரைத் தூக்கத்தில் இருந்தேன். ஜன்னலுக்கு வெளியே வயல்கள் மிதந்து போய்க்கொண்டிருந்தன... பக்கத்தில் அப்பா, மடியில் கேஸ் கட்டு. ஐகோர்ட்டுக்குப் போகிறோம் — கேஸை ஜெயிக்க அல்ல. பாலக்காட்டு கோர்ட்டில் ஐந்து வருஷமாகத் தூங்கும் அப்பீலை எழுப்பிவிடச் சொல்லிக் கேட்க.

விஷயம் ஒரு வழி. எங்கள் வயலுக்குப் போகும் வண்டிப்பாதையில் பக்கத்து வயல்காரர் சின்னச்சாமி கல் நட்டுவிட்டார். பாதை அவருடையது என்று கீழ்க்கோர்ட் சொன்னது. அன்றிலிருந்து அறுவடை மெஷின் உள்ளே வர முடிவதில்லை. கதிரைத் தலைச்சுமையாகக் கொண்டுவர ஆளும் இல்லை. சீக்கிரம் தீர்ப்பு வராவிட்டால் வயலைத் தரிசாகப் போட வேண்டியதுதான்.

ஐகோர்ட்டில் எங்களுக்காக வாதாடும் வக்கீல் அம்மா கேட்டது ஒரே ஒரு தாள். எந்தத் தேதியில், எதற்காக, யார் கேட்டு வாய்தா?

கஞ்சிக்கோட்டில் ஒரு ஃபேக்டரியில் மெயின்டனன்ஸ் இன்ஜினியர் நான். மெஷின் எப்போது நின்றது, ஏன் நின்றது என்று எழுதாமல் எனக்கு நாள் முடியாது. போட்டேன் பட்டியல். ஜட்ஜ் மாறுதல். ஹர்த்தால். வக்கீலுக்குக் காய்ச்சல். அப்புறம்... ஏழு இடங்களில் ஒரே வரி — இரு தரப்பும் சேர்ந்து கேட்ட வாய்தா.

ஏழும் வாய்க்காலில் தண்ணீர் விடும் வாரங்கள்!

அப்பாவைக் கேட்டேன்.

"மடையும் கேஸும் ஒண்ணுதான் அம்மிணி. நாம போயி நிக்கலீன்னா வேற பக்கம் பாஞ்சுரும். அவருக்கும் அதே கதைதான். அதான் ரெண்டு பேருஞ் சேந்து வாய்தா வாங்கச் சொல்லிப்போட்டோம்."

வழியைப் பற்றி வக்கீல்கள் பேசிக்கொள்வார்களாம். தண்ணீரைப் பற்றி இவர்களே பேசிக்கொள்வார்களாம்.

அந்த ஏழு வரிகளையும் விட்டுவிடலாமா? ஒரு நிமிஷம் ஆசைதான். சொந்தத் தாமதத்தைக் காட்டி யாராவது வேகம் கேட்பார்களா? ஆனால் என் கையால் மெஷின் நின்றாலும் அதை எழுதிப் பழகியவள். எழுதிவிட்டேன்.

கோர்ட்டில் எங்கள் முறை வந்ததே தெரியவில்லை, முடிந்துவிட்டது. நீதிபதி தாளைப் பார்த்தார். கொஞ்சம் அதிக நேரம் பார்த்தது போலத் தோன்றியது. பிறகு உத்தரவு: நான்கு மாதத்தில் அப்பீலை முடிக்க வேண்டும். இரு தரப்பும் இனி வாய்தா கேட்கக் கூடாது.

திரும்பும் ரயிலில் அப்பா மாதங்களை விரல்விட்டு எண்ணினார். நான்காவது விரலில் நின்றுவிட்டார்.

"அது தண்ணி உடற சமயமாச்சே."

ஞாயிற்றுக்கிழமை காலை, வரப்பெல்லாம் பனி. அந்தப் பக்கம் சின்னச்சாமி, இந்தப் பக்கம் அப்பா, நடுவில் அந்தக் கல்.

"ஏனுங்க, ரெண்டு பேரும் கோர்ட்டுல நின்னா தண்ணிய ஆருங்க பாக்கறது?"

கேட்டது சின்னச்சாமி. கனவில் நடப்பது போல இருவரும் மெதுவாக என் பக்கம் திரும்பினார்கள்.

"அம்மிணி பட்டியல் போட்டுப் பாத்துக்குமுங்க" என்றார் சின்னச்சாமி. என் தாளின் காப்பி அவர் வக்கீலுக்கும் போயிருந்தது.

லீவ் லெட்டர் தயார்; தேதி மட்டும் காலி. காரணம்? உண்மையைத்தான் எழுதியிருக்கிறேன் — எதிர்த்தரப்பின் வயலுக்கும் சேர்த்துத் தண்ணீர் பாய்ச்ச வேண்டியிருக்கிறது.