நான் கையெழுத்துப் போடாத வின்ச்

வளைகுடாவில் போர்ப் பேச்சு சூடேறிக் கிடந்த மாதங்களில், அங்கே நான் வேலை பார்த்த கப்பல் யார்டுக்கு ஒரு பழைய மீன்பிடிக் கப்பல் வந்தது. கடற்படை ரோந்துக்கும் கண்ணிவெடி அகற்றவும் ஏற்றபடி அதை மாற்றித் தரவேண்டும். மீன் கிடங்கில் படுக்கைகள் வைத்தோம். முன்பக்கம் துப்பாக்கிக்குப் பீடம் பற்றவைத்தோம். எத்தனை கழுவியும் மத்தி வாடை மட்டும் போகவில்லை.

பின்தளத்தில் வடம் சுற்றி இழுக்கும் வின்ச் என் பொறுப்பு. முன்பு வலை இழுத்த அதே வின்ச்தான். இனி அது வெட்டுக்கத்திகள் கோத்த நீண்ட கம்பி வடத்தைப் பிடித்துக்கொள்ள வேண்டும். கப்பல் போகப் போக அந்த வடம் தண்ணீருக்கடியில் கண்ணிவெடியைக் கட்டி நிறுத்திய சங்கிலியை அறுக்கும். பிரேக் பட்டையோ தேய்ந்து வழுவழுத்திருந்தது. மாற்றவேண்டும் என்று இரண்டு முறை எழுதிக் கொடுத்திருந்தேன்.

கன்னியாகுமரிக் கரையில் விசைப்படகுக்குப் போனவன் நான். வின்ச் நழுவி, வடம் அறுந்து, பக்கத்தில் நின்றவனின் முழங்காலைச் சிதைத்ததைக் கண்ணால் பார்த்தவன்.

ஒப்படைப்புக்கு முந்தின நாள் காலை எஞ்சினியர் காகிதத்தோடு வந்தார்.

"யல்லா பாய், ஜல்தி சைன் போடு. லோடு டெஸ்ட் பாஸ்."

"டெஸ்ட் பண்ணவே இல்லியே சார்?"

"புது பிரேக் லைனிங் வர பத்து நாளாகும். பாஸ்னு எழுது, கலாஸ், வேலை முடிஞ்சுது."

தூத்துக்குடிக்காரரான ஃபோர்மன் என் முழங்கையைப் பிடித்திழுத்தார். "எலே, போட்டுத் தொலையேன். ஒன் விசா புதுப்பிக்கிற மாசம்லா இது?"

நான் எஞ்சினியரிடமே பேனாவைத் திருப்பிக் கொடுத்தேன்.

"சார், நீங்க வின்ச் பக்கத்துல நில்லுங்க. கடல்ல ஆளு நிக்கப்போற இடம் அதுதான். நான் லோடு ஏத்துறேன். பிரேக் பிடிச்சா இங்கயே போடுறேன்."

அவர் வின்ச் பக்கம் நகரவில்லை. இன்னொரு ஃபிட்டரான பீகார்க்காரரிடம் காகிதத்தை நீட்டினார். அவர் கையைத் துடைத்துக்கொண்டு, இவன் போடாததில் நானும் போடமாட்டேன் என்று இந்தியில் சொல்லிவிட்டார். பிறகு ஃபோர்மனே குரல் கொடுத்தார்.

"தண்ணிப் பையக் கொண்டாங்கடே. எல்லாரும் தள்ளி நில்லுங்க."

வடத்தின் முனையில் கரைக்கு மேலாகப் பையைத் தொங்கவிட்டு, எடைக்காக நீர் நிரப்பினோம். பாதிகூட நிரம்பவில்லை. பிரேக் புகைந்தது, உருளை கடகடவென்று சுழன்றது, பை கரையில் விழுந்து வெடித்தது. கரையில் நின்ற எஞ்சினியர் முழங்கால்வரை நனைந்தார்.

ஒப்படைப்பு தள்ளிப்போனது. பத்து நாள் ஆகும் என்ற லைனிங்கை ஷார்ஜா தொழிற்பேட்டையில் ஒரு பட்டறைக்காரர் மூன்றே நாளில் செய்து கொடுத்தார். இரண்டாவது டெஸ்டில் வின்ச் அசையவில்லை. கட்டத்துக்கு வெளியே போகும்படி பெரிதாகக் கையெழுத்துப் போட்டேன். கப்பல் போயிற்று.

மறு வாரமே என்னை, கப்பலைத் தண்ணீரிலிருந்து ஏற்றி நிறுத்தும் டிரைடாக்கில், அடியில் ஒட்டிய சிப்பி சுரண்டப் போட்டார்கள். ஆள் பற்றாக்குறையால் விசா மட்டும் தப்பியது. ஒருநாள் எஞ்சினியர் அந்தப் பக்கம் வந்து, "என்ன, இப்ப சந்தோஷமா?" என்றார்.

"இந்தச் சொரண்டி மழுங்கிப் போச்சு சார்," என்றேன். "புதுசு ஒண்ணு எழுதிக் குடுங்க."