தொண்ணூறு வந்த கணக்கு

நேற்று வேலை முடிந்து வந்து காலை நீட்டி உட்கார்ந்ததுதான் தாமதம், மகள் கணக்குப் புத்தகத்தோடு வந்துவிட்டாள். ஓர் இணைகரம். ஒரு கோணம் அறுபத்தைந்து, மீதி மூன்றும் என்ன?

"எதிர்ல அறுபத்தஞ்சு, மத்த ரெண்டும் நூத்திப்பதினஞ்சு" என்றேன், மூடிய கண்ணைத் திறக்காமல்.

"பாக்காமலே எப்டிம்மா சொல்ற?"

பார்க்காமல் எனக்குச் சொல்லத் தெரிந்த ஒரே கணக்கு அதுதான். அதை அவளிடம் சொல்லவில்லை. இருக்கிற மரியாதையும் போய்விடும். அவள் எதையோ தப்பாக எழுதி அழித்தாள். அழிரப்பர் தூளின் வாசனை லேசாக வந்தது. அப்புறம் எங்கே தூங்குவது?

கும்மிடிப்பூண்டியில் நான் முதலில் வேலை பார்த்தது ரப்பர் கம்பெனியில். கார் கதவோரத்தில் வைக்கிற பட்டைகள். அச்சிலிருந்து சூடாக வரும். பிசிறைப் பிளேடால் நறுக்க வேண்டும், ஷிப்ட் முழுக்க நின்றுகொண்டே. எத்தனை சோப்புப் போட்டாலும் வாசனை போகாது. ரயிலில் பக்கத்தில் இருப்பவர்கள் மெல்ல நகர்ந்துகொள்வார்கள். அதுவும் ஒரு சௌகரியம்தான். எனக்கும் தேவகிக்கும் ஜன்னலோரம் கிடைத்துவிடும்.

தேவகி என் வயதுக்காரி. என்னோடு மீஞ்சூரில் ஏறுவாள், என் பக்கத்திலேயே நின்று பிசிறு நறுக்குவாள். பரிசோதனை அறையில் ஒரு இடம் காலி, பத்தாம் வகுப்புக் கணக்கில் பரீட்சை வைத்து எடுப்போம் என்று கம்பெனியில் சொன்னபோது, எங்கள் இரண்டு பேருக்கும் கண்ணில் பட்டது அந்த அறையின் நாற்காலி மட்டும்தான். அப்போதே எனக்குச் சாயங்காலமானால் கால் வீங்கிவிடும்.

கணக்கு அவளுக்கு வரும், எனக்கு வராது. ரயில் ஜன்னல் தூசியில் விரலால் சாய்ந்த கட்டம் போட்டுச் சொல்லித்தந்தாள். "எதிர எதிர கீறது ரெண்டும் ஒண்ணுதான். பக்கத்துல கீறது ரெண்டும் சேந்தா நூத்தியெண்பது. அவ்ளோதான்டி, இன்னாத்துக்கு இப்டி முழிக்கிற?"

பரீட்சையில் அதுவே வந்தது. படத்தில் நன்றாகச் சாய்ந்த இணைகரம்; அடுத்தடுத்த கோணங்கள் 2x+10, 3x−30. கூட்டி நூற்றெண்பதுக்குச் சமமாக்கினேன். x நாற்பது. இரண்டு கோணமும் தொண்ணூறு. எனக்குச் சந்தேகப்படும் அளவுக்கெல்லாம் அறிவு கிடையாது; வந்ததை எழுதிவிட்டேன். பக்கத்தில் உட்கார்ந்து எழுதிய தேவகிக்கும் தொண்ணூறுதான் வந்தது. அவள் படத்தைப் பார்த்தாள். தாள் கிழியும்வரை அழித்துவிட்டு எழுபது, நூற்றுப்பத்து என்று எழுதினாள்.

விடை தொண்ணூறுதானாம். இடம் எனக்குக் கிடைத்தது. திரும்பும்போது ரயிலில், பொன்னேரி தாண்டியதும் கேட்டாள்.

"அவ்ளோ சாஞ்சிக்கினு கீது, தொண்ணூறுன்னு எப்டிடி நம்புறது?"

"நீ சொல்லிக் குடுத்துதான்டி எனக்கு..."

"உடு. உனக்குத்தான் கால் வீங்கிக்கினு கீது. நீயே ஒக்காரு."

அப்புறம் பரிசோதனை அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள் நிற்பாள், இந்தப் பக்கம் நான் உட்கார்ந்திருப்பேன். சாப்பாட்டு வேளையில் உள்ளே வந்து, "எந்திரிடி கொஞ்சம்" என்று என்னை எழுப்பிவிட்டு நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொள்வாள். நான் நின்றுகொண்டே சாப்பிடுவேன்.

கல்யாணமாகி அவள் ஊத்துக்கோட்டைப் பக்கம் போனாள். கம்பெனியை மூடிவிட்டார்கள், அந்த இடத்தில் இப்போது கன்டெய்னர் லாரிகள் நிற்கின்றன. போனில் அவள் நம்பர் அப்படியே இருந்தது. நேற்று கூப்பிட்டேன். யாரோ ஒருவர் தெலுங்கில் பேசினார். தேவகி என்று யாரும் இல்லை என்பது மட்டும் புரிந்தது. பாவம், அவரும் அப்போதுதான் வேலை விட்டு வந்திருப்பார் போல. குரலில் அவ்வளவு அலுப்பு.