ஏழே முக்காலுக்குக் கிளம்பியவன்

பல்கலைக்கழக அணியில் ஆஷேர் தால்கரைத் தவிர எல்லோரும் தமிழ்ப் பையன்கள். பம்பாய் பைகுலாவிலிருந்து வந்த யூதன், இடதுகைச் சுழல் பந்துக்காரன். அமெரிக்காவில், பிளெய்ன்ஸ்பரோவில் நாலு வருஷம் அவர்களோடு ஒரே அபார்ட்மென்டில் குடியிருந்ததில் தமிழ் தானாக ஒட்டிக்கொண்டது. முதலில் வந்தது 'டா'.

சனிக்கிழமை மட்டும் அவன் பந்தைத் தொடமாட்டான். அது யூதர்களின் ஓய்வு நாள். பம்பாயில் தேர்வுப் போட்டிகளும் சனிக்கிழமைகளில்தான் நடந்தன. அங்கே ஆடுகிறவர்களுக்குத் தண்ணீர் தூக்கியே இரண்டு வருஷம் போனது. இங்கே ஞாயிறுகளில் மட்டும் ஆடி முப்பது ஆட்டத்தில் எழுபது விக்கெட். இறுதி ஆட்டம் ஒன்றுகூட ஆடியதில்லை. அந்த ஒன்றுதான் அவனுக்கு வேண்டியிருந்தது.

தொண்ணூற்றேழில் அணி இறுதிக்கு வந்தது, சனிக்கிழமை என்று தேதி போட்டிருந்தார்கள். கேப்டன் வெள்ளியங்கிரி, பொள்ளாச்சிக்காரன், லீக் செயலாளர் மகாதேவன் அங்கிளிடம் ஒரு வாரம் மல்லுக்கட்டிவிட்டுச் சிரித்துக்கொண்டே வந்தான்.

"மாத்தியாச்சுடா. வெள்ளிக்கிழமை சாயங்காலம், நாலரைக்கு."

ஆஷேர் தலையில் கை வைத்துக்கொண்டான். "வெள்ளி சூரியன் இறங்கினாலே எங்களுக்கு சனி வந்துடும்டா."

"எங்க ஊர்ல விடிஞ்சாத்தான்டா அடுத்த நாளு. மொதல்லயே சொல்லித் தொலையறதில்லையா?"

கணக்குப் போட்டார்கள். இருபது ஓவர் ஆட்டம். சூரியன் இறங்க எட்டரை. அதற்குள் குளித்து, விளக்கேற்ற வேண்டும். வீடு இருபது நிமிட நடை. "ஏழே முக்காலுக்குக் கிளம்பிடுவேன். ஆட்டம் எப்படி இருந்தாலும் சரி," என்றான் ஆஷேர்.

அது எதிரணிக் கேப்டன் ஜெயபிரகாஷின் காதுக்கும் போய்விட்டது. இரண்டாவதாக மட்டை பிடிக்க இறங்கியவன் ஓவருக்கு ஒருமுறை கையுறை மாற்றினான், ஷூ லேஸ் கட்டினான், இல்லாத பூச்சியைக் கண்ணிலிருந்து எடுத்தான். ஆஷேர் மூன்று ஓவரில் நாலு விக்கெட் எடுத்திருந்தான். இன்னும் ஒரு ஓவர் பாக்கி.

"பதினெட்டாவதை எனக்குக் குடு."

"கடைசி ஓவர் உன்னுதுதான்டா, எப்பவும்போல. டைம் இருக்கு."

டைம் இல்லை. கடைசி ஓவரில் எதிரணிக்கு ஏழு ரன் வேண்டியிருந்தபோது மணி ஏழே முக்கால். ஆஷேர் பந்தை வெள்ளியங்கிரியின் கையில் வைத்தான்.

எல்லைக்கோட்டில் மகாதேவன் மறித்தார். "ஆறே பந்துப்பா. சாமி கோச்சுக்கமாட்டார்."

"மாட்டார் அங்கிள். நான் கோச்சுக்குவேன்."

சாலையைத் தொடுமுன் பின்னால் கூச்சல் எழுந்தது. எதிரணியின் கூச்சல் என்று அவனுக்குத் தெரிந்தது. நடையைத் தளர்த்தவில்லை.

ஞாயிறு காலை பயிற்சிக்கு எல்லோருக்கும் முன்னால் வந்து நின்றான். மகாதேவன் ஒரு தாளை நீட்டினார்: இனி நடு ஆட்டத்தில் போகமாட்டேன் என்று கையெழுத்து, இல்லாவிட்டால் அடுத்த வருஷம் பட்டியலில் பேர் கிடையாது.

"அப்ப எடுத்துடுங்க," என்று ஆஷேர் தாளைத் திருப்பிக் கொடுத்தான்.

வெள்ளியங்கிரி குனிந்து கால்காப்பைக் கட்டிக்கொண்டிருந்தான். நிமிரவில்லை. "இவன் பேரை எடுத்தா என் பேரையும் சேர்த்து எடுங்க அங்கிள். ஆனா இவன்கூட நான் பேசறதா இல்லை, அதையும் எழுதிக்கோங்க."

இரண்டு பேரையுமே எடுத்தார்கள். ஆஷேரின் பல்கலைக்கழக கிரிக்கெட் அங்கே முடிந்தது: முப்பத்தொரு ஆட்டம், எழுபத்துநாலு விக்கெட், கோப்பை இல்லை. கேட்டவர்களிடம் அந்தக் கடைசி இரண்டு வார்த்தைகளையும் அவன் குரலைத் தாழ்த்தாமல்தான் சொன்னான்.