கமா அக்கா

“மாடிப்படிக்குக் கீழே கமா இரும்புக் கம்பிகளுக்கு அருகில் கமா தலையில் ரத்தக் காயத்துடன் கிடந்தார் புள்ளி.”

சாவைச் சொல்லும் வரியானாலும் சாட்சியின் முகவரியானாலும் அவர் குரல் ஒரே தாளத்தில்தான் போகும். வக்கீல் அலுவலகத்தில் முப்பத்து நான்கு வருடமாக டைப்பிஸ்ட். அடித்த தாளை அவர் வாய்விட்டுப் படிப்பார். எதிரே இருப்பவர் மூலத்தாளைப் பார்த்துச் சரிபார்க்க வேண்டும். கமாவையும் புள்ளியையும்கூட விடாமல் படிப்பதால் கோர்ட் வளாகம் முழுக்க அவருக்குக் கமா அக்கா என்று பெயர். அதில் அவருக்கு வருத்தம் இல்லை. “மத்தவங்க காலேஜுல படிச்சுப் பட்டம் வாங்கினாங்க. நான் சத்தமாப் படிச்சு வாங்கினேன்” என்பார். வீட்டுக்காரரின் குறை வேறு: “சண்டையிலகூடப் புள்ளி சொல்லித்தான் முடிப்பா. அதுக்கப்புறம் நான் வாயைத் திறக்க முடியாது.”

கையில் எப்போதும் ஒரு மர அடிக்கோல். தேய்ந்து தேய்ந்து அதன் எண்கள் ஏழிலிருந்துதான் தொடங்குகின்றன. வரிக்குக் கீழே வைப்பார், படிப்பார், நகர்த்துவார். தாண்டிய வரிக்குத் திரும்பிப் போக மாட்டார். “ஒரு வரியை ஒரு தடவைதான் படிக்கணும். ரெண்டாவது தடவை கண்ணு படிக்காது, மனசு படிக்கும். மனசுக்குத் தப்பே தெரியாது.”

போன மாதம் எதிரே உட்கார்ந்திருந்தவள் ஒரு வெல்டரின் மனைவி. கட்டடம் கட்டுகிற இடத்தில் நடந்த சண்டையில் மேஸ்திரி இறந்துபோனார். கொலை வழக்கில் வெல்டர் முதல் எதிரி, உடன் வேலை செய்தவர் இரண்டாம் எதிரி. குற்றம் சாட்டப்பட்டவருக்குக் கோர்ட்டுத் தமிழில் எதிரி என்று பெயர். யாருக்கு எதிரி என்று யாரும் கேட்பதில்லை. ஐந்து மாதமாகச் சிறை. கீழ்க் கோர்ட் ஜாமீன் தர மறுத்துவிட்டது. மேல் கோர்ட்டும் கையை விரித்தால், விசாரணை முடிகிற இரண்டு மூன்று வருடமும் வெல்டர் உள்ளேதான்.

“அவர் அடிக்கலைக்கா. விலக்கிவிடத்தான் போனாரு.”

“அதை சார் பாத்துப்பாரு. நீ தாளைப் பாரு.”

மேல் கோர்ட்டில் போடும் ஜாமீன் மனுவோடு சேர்க்க வேண்டிய தாள்களை ஒப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். ஜாமீன் மறுத்த உத்தரவின் எட்டாம் பத்தி வந்தது. “மூன்றாம் எதிரி மீது ஏற்கெனவே இரண்டு அடிதடி வழக்குகள் உள்ளன கமா வெளியே விட்டால் சாட்சிகளை மிரட்டுவார் என்று இந்த நீதிமன்றம் கருதுகிறது புள்ளி.” அடிக்கோல் அங்கேயே நின்றது.

“உங்க கேசுல மொத்தம் எத்தனை பேரும்மா?”

“ரெண்டே பேருதான்க்கா.”

“அப்ப இந்த மூணாவது ஆளு எங்கேருந்து வந்தாரு?”

பாம்பின் கால் பாம்பறியும். பழைய உத்தரவு ஒன்றைத் திறந்து அதன் மேலேயே புதியதை அடிப்பது டைப்பிஸ்டுகளின் குறுக்குவழி. ஒரு பத்தி அழியாமல் தங்கிவிட்டால், எவனோ செய்த பாவம் இன்னொருவன் தலையில் ஏறி உட்கார்ந்துகொள்ளும். கமா அக்காவே இருபத்திரண்டு வயதில் ஒரு ஜாமீன் மனுவில் அப்படி வேறொருவரின் தகப்பன் பெயரைத் தங்கவிட்டவர்தான். அதே பெயர் உத்தரவிலும் ஏறியது. ஜாமீன் கிடைத்த மனிதரைப் பெயர் பொருந்தவில்லை என்று சிறையில் மேலும் இரண்டு நாள் வைத்திருந்தார்கள். அந்த வாரம் வாங்கியதுதான் இந்த அடிக்கோல்.

வெல்டர் மேல் முன்பு ஒரு சின்ன வழக்குகூடக் கிடையாது. ஜாமீன் மறுத்ததற்கு உத்தரவு சொன்ன பெரிய காரணமே அந்த எட்டாம் பத்திதான். வக்கீல் தாளைப் பிடுங்காத குறையாக வாங்கிப் பார்த்தார்.

“நான் இதை மூணு தடவை படிச்சேனேம்மா.”

“அதனாலதான் சார் கண்ணுல படலை.”

வக்கீல் பெரிய மனுஷர். சிரித்துவிட்டு, மனுவின் முதல் காரணமாக அதையே வைத்தார். வாதம் நடந்த அன்று கமா அக்கா கோர்ட் அறைக்குப் போகவில்லை. எப்போதும் போவதில்லை. வெல்டரின் மனைவிதான் மூச்சு வாங்க வந்து சொன்னாள்: “ஜாமீன் கிடைச்சிருச்சுக்கா. ஜட்ஜய்யா எட்டாம் பத்தியை எடுக்கச் சொன்னாரு. அந்த மூணாவது ஆளைக் காட்டுங்கன்னு அரசு வக்கீலைக் கேட்டாரு. அவரு பக்கத்தைப் புரட்டுறாரு, புரட்டுறாரு, புரட்டிக்கிட்டே இருக்காரு.” கமா அக்கா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அதில் தூசி ஒன்றும் இல்லை. உள்ளுக்குள் பெருமை பிடிபடவில்லை, அவ்வளவுதான். மறைக்கவும் அவருக்குத் தெரியாது. “அந்த இடத்தை இன்னொரு தடவை சொல்லு” என்று கேட்டு வாங்கிக்கொண்டார்.

மறுநாள் மதியம் உத்தரவின் நகல் வந்தது. வெல்டரின் மனைவிக்கு இருப்புக் கொள்ளவில்லை.

“ஜெயிலுக்குப் போக வெளியே வண்டி நிக்குதுக்கா.”

“நிக்கட்டும். உட்காரு.”

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க மாட்டான். ஒரு எழுத்து இடித்தால் சிறைக் கதவு திறக்காது என்பதைக் கமா அக்காவுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. மனு அவள் கையில், உத்தரவு இவர் கையில். பெயர், தகப்பன் பெயர், வழக்கு எண் எல்லாம் கமாவோடு கடந்து போயின. அவள் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினாள். அடிக்கோல் கடைசி வரிக்கு வந்தது.

“முதல் எதிரியை உடனடியாக ஜாமீனில் விடுவிக்க வேண்டும் புள்ளி.”

ஒப்பிட இனி ஒன்றும் இல்லை. அவள் எழுந்து கையை நீட்டினாள். கமா அக்கா அடிக்கோலை எடுக்கவில்லை. அதே வரியை இன்னொரு தடவை படித்தார்.