சுறா வறையும் கீழ்ப்படிதலும்

அடம்பனில் பஸ்ஸால் இறங்கியதும் ஒரு சாப்பாட்டுக் கடையில் சுறா வறை மணத்தது. உள்ளே போய் உட்கார்ந்தேன்.

சின்ன வயதில் கீரி என்ற ஊரில் எங்கள் வீடும் ஒருநாள் அப்படி மணத்தது. கன்னியர் மடத்தில் சேர்ந்த பெரியக்கா, வார்த்தைப்பாடு கொடுத்தபின் முதல்முறையாக வீட்டுக்கு வந்தாள். மடத்துத் தலைவி மதரும் கூட வந்தார். அம்மா விடியவே கரைக்குப் போய்ச் சுறா வாங்கி வறை செய்திருந்தார். அக்கா சோற்றுக் கோப்பையைத் தொடவில்லை.

"ஏலாதம்மா. வீட்டுக்கு வந்தால் சாப்பிடக்கூடாது எண்டது மடத்து ஒழுங்கு."

"பெத்தவள் சமைச்சதையுமோ, பிள்ளை?"

அக்கா தலை குனிந்தாள். அம்மா கோப்பையை எடுக்க மனமில்லாமல் நின்றார். ஏழ்மை, கற்பு, கீழ்ப்படிதல் என்ற மூன்று வார்த்தைப்பாடுகளில் எது சுறாவைத் தடுக்கிறது என்று நான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

மதர் செருமினார். "சிஸ்டர், கீழ்ப்படிவன் எண்டுதானே வார்த்தைப்பாடு குடுத்தனீங்கள்? நான் சொல்லுறன், சாப்பிடுங்கோ."

அக்கா கோப்பையை வழித்துச் சாப்பிட்டாள். அம்மா மதருக்கும் ஒரு கோப்பையை நீட்டினார்.

"எனக்குச் சொல்ல இங்க ஆளில்லையே, அம்மா." மதர் சிரித்துவிட்டுத் தண்ணீர் மட்டும் குடித்தார்.

அப்படிச் சொல்ல ஆளில்லாமல் நானும் எத்தனையோ ஊர் திரிந்துவிட்டேன். கடைக்காரர் கேட்காமலே இன்னொரு கரண்டி வறை வைத்து, "சாப்பிடுங்கோ" என்றார்.

கீழ்ப்படிந்தேன்.